இரண்டு நாள் கணக்கு



முந்தாநாள் இரவு நம் பழைய மாணவர்கள் குழுவில் ஒரு வீடியோ வந்தது. வரிசையாக டாங்கிகள் புழுதி கிளப்பிக்கொண்டு போகின்றன. பின்னணியில் சினிமாப் பாட்டு. கீழே ஒருவர், "இதையெல்லாம் வைத்துக்கொண்டு எதற்குப் பேச்சுவார்த்தை? உள்ளே விட்டால் இரண்டே நாளில் முடிந்துவிடும்" என்று எழுதியிருந்தார். எந்த நாட்டுக்குள் என்றுகூட அவர் எழுதவில்லை. அதற்கு வரிசையாகக் கைதட்டல். கைதட்டியவர்களில் என் தம்பி மகனும் உண்டு. என்னிடம் ஐந்தாம் வகுப்பில் கணக்குப் படித்தவர்களும் உண்டு.

குழுவிலேயே பதில் போட்டால் சண்டையாகிவிடும். அதனால் இங்கே எழுதுகிறேன். நீளமாகத்தான் இருக்கும். நாற்பது நிமிஷ வகுப்பில் உட்கார்ந்தவர்கள்தானே, இதையும் பொறுமையாகப் படியுங்கள்.

இந்த "இரண்டு நாள்" கணக்கு புதிதல்ல. 2022 பிப்ரவரி 24 அன்று ரஷ்யா உக்ரைனுக்குள் நுழைந்தபோது, தலைநகர் கீவ் சில நாட்களில் விழுந்துவிடும் என்று மேற்கு நாடுகளில் இருந்த பல நிபுணர்களே நினைத்தார்கள். நான்கே நாள் கழித்து, பெலாரஸ் பக்கமிருந்து கீவை நோக்கி டாங்கிகளும் கவச வாகனங்களும் லாரிகளுமாக ஏறத்தாழ 64 கிலோமீட்டர் நீளத்துக்கு நிற்பது செயற்கைக்கோள் படத்தில் தெரிந்தது. உலகமே பயந்தது. நானும் தொலைக்காட்சி முன்னால் உட்கார்ந்து, பாவம் அந்த ஜனங்கள் என்றுதான் நினைத்தேன்.

அந்த வரிசை கீவுக்குள் போகவே இல்லை. ஒரு மாதம் கழித்து, மார்ச் கடைசியில், வந்த வழியே திரும்பிப் போனது.

ஏன் என்று கேட்டால் வீரம், துரோகம் என்று கதை சொல்ல வேண்டியதில்லை. ஐந்தாம் வகுப்புக் கணக்கு போதும்.

டி-72 டாங்கியை எடுத்துக்கொள்ளுங்கள். ரஷ்யாவிடம் உண்டு, உக்ரைனிடம் உண்டு, நம் ராணுவத்திடமும் உண்டு. எடை நாற்பது டன்னுக்கு மேல். உள்ளே 1,200 லிட்டர் டீசல் பிடிக்கும். நல்ல சாலையில் போனாலே ஒரு லிட்டருக்கு அரை கிலோமீட்டர்கூட ஓடாது. நம் ஊர் டவுன் பஸ் அதைப்போல் பத்து மடங்கு ஓடும். வயலில் இறங்கினால் இன்னும் மோசம். எஞ்சினை ஓடவிட்டு நின்றாலும் டீசல் குறையும். நூறு டாங்கிக்கு ஒரு முறை நிரப்ப 1,20,000 லிட்டர் வேண்டும். அதாவது 12,000 லிட்டர் பிடிக்கும் டேங்கர் லாரி பத்து. இது ஒரு தடவைக்கு. இதோடு குண்டு ஏற்றிய லாரி, சாப்பாட்டு லாரி, உதிரி பாகம், பழுதுபார்க்கிற ஆள், பாலம் போடுகிற வண்டி.

டாங்கிக்குக் கவசம் உண்டு. டேங்கர் லாரிக்கு என்ன கவசம் இருக்கிறது? உக்ரைன்காரர்கள் அந்த லாரிகளைத் தேடித் தேடி அடித்தார்கள். யானையை வாங்கியவனுக்குத் தீனி போட வழியில்லாமல் போனது.

அடுத்தது தரை. குளிர்காலம் முடியும் நேரத்தில் அந்த நாட்டு மண் களியாகிவிடும். டாங்கிகள் தார்ச்சாலையை விட்டு இறங்க முடியவில்லை. சாலையிலேயே போனால் முதல் வண்டியையும் கடைசி வண்டியையும் அடித்துவிட்டு நடுவில் இருப்பதை நிதானமாக அடிக்கலாம். கீவுக்குக் கிழக்கே புரோவரியில் மார்ச் மாதம் ஒரு டாங்கி வரிசைக்குக் கிட்டத்தட்ட அப்படித்தான் நடந்தது. கீவுக்கு வடக்கே இர்பின் ஆற்றின் அணையைத் திறந்து, தெமிதிவ் என்ற கிராமத்தைத் தாங்களே வெள்ளத்தில் மூழ்கவிட்டார்கள். வீட்டுக்குள் தண்ணீர் வந்தாலும் பரவாயில்லை, டாங்கி வரக்கூடாது என்று. சாலைத் துறையே, வழிகாட்டிப் பலகைகளைக் கழற்றிவிடுங்கள் என்று மக்களைக் கேட்டுக்கொண்டது.

இடனறிதல் அதிகாரம் நடத்தியது உங்களில் சிலருக்காவது நினைவிருக்கும். வேல் வீரனுக்கு அஞ்சாத யானையும் சேற்றில் கால் புதைந்தால் நரிக்கு இரையாகும் என்று வள்ளுவர் சொன்னாரே, அதுதான். மனப்பாடம் செய்து மார்க் வாங்கினீர்கள். அர்த்தம் இப்போது பாருங்கள்.

"அது ரஷ்யாவின் பழைய சரக்கு சார், நல்ல டாங்கியாக இருந்தால் வேறு மாதிரி இருக்கும்" என்று ஒருவர் சொல்வார். 2023 ஜூனில் உக்ரைன் எதிர்த்தாக்குதல் தொடங்கியது. ஜெர்மனியின் லெப்பர்ட் 2 டாங்கிகள், அமெரிக்காவின் பிராட்லி கவச வண்டிகள், எல்லாம் உலகத்தில் பெயர் பெற்றவை. சப்போரிழியா பகுதியில் கண்ணிவெடி வயலில் மாட்டி ஒன்றன்மேல் ஒன்றாக நின்றுபோனதை எல்லோரும் பார்த்தோம். மண்ணுக்கு அடியில் இருக்கிற வெடி, மேலே வருவது எந்த நாட்டு வண்டி என்று பார்ப்பதில்லை.

"நம்ம ஆளுங்க கதை வேற" என்பவர்களுக்கு 1965. பஞ்சாபில் கேம்கரண் பக்கம், அசல் உத்தர். அமெரிக்கா கொடுத்த பாட்டன் டாங்கிகளோடு பாகிஸ்தான் படை உள்ளே வந்தது. அந்தக் காலத்தில் பாட்டன் என்றால் வெல்ல முடியாதது என்று பேச்சு. நம்மவர்கள் கால்வாயை உடைத்து வயல்களில் தண்ணீர் விட்டார்கள். கரும்புக் காட்டில் லாட வடிவத்தில் நம் டாங்கிகளை மறைத்து வைத்துக் காத்திருந்தார்கள். ஹவில்தார் அப்துல் ஹமீது ஒரு திறந்த ஜீப்பில் பொருத்திய துப்பாக்கியால் டாங்கிகளை அடித்தார், அங்கேயே உயிர்விட்டார், பரம்வீர் சக்ரா பெற்றார். பாகிஸ்தான் தொண்ணூறுக்கும் மேற்பட்ட டாங்கிகளை அங்கே இழந்தது. பிடித்த டாங்கிகளை நிறுத்தி வைத்த இடத்துக்குப் பாட்டன் நகர் என்றே பெயர் வைத்தார்கள்.

இந்தக் கதையைச் சொல்லும்போது எல்லோரும் நெஞ்சை நிமிர்த்துகிறோம். சரிதான், நிமிர்த்த வேண்டியதுதான். ஆனால் அந்தக் கதையில் டாங்கியை விட்டு உள்ளே நுழைந்தது யார்? தோற்றது யார்? அதே மாதத்தில் நம் டாங்கிகள் சியால்கோட் பக்கம் உள்ளே போனபோது சவிந்தாவில் அவர்கள் நம்மைத் தடுத்து நிறுத்தினார்கள். அதைப் பாட்டுப் போட்டு யாரும் அனுப்புவதில்லை.

"இல்லை சார், இரண்டு நாளில் முடிந்த போரும் இருக்கிறது" என்று நியாயமாகக் கேட்கலாம். இருக்கிறது. குவைத். 1990 ஆகஸ்ட் 2, விடிவதற்குள் இராக்கின் டாங்கிகள் எல்லையைத் தாண்டின. இரண்டு நாளுக்குள் நாடே அவர்கள் கையில். மன்னர் சவூதிக்குப் போய்விட்டார். கணக்குப் பலித்துவிட்டதா?

இதை நம் உறவினர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. என் சின்னம்மா மகன் அங்கே எலக்ட்ரீஷியனாக இருந்தான். காலையில் டீ வாங்கப் போனவன் தெருமுனையில் டாங்கியைப் பார்த்து அப்படியே திரும்பி ஓடிவந்தான். பாஸ்ரா, பாக்தாத் வழியாக பஸ்ஸில் ஜோர்டான் போய், அம்மானில் பல நாள் காத்திருந்து விமானம் ஏறினான். அப்படித் திரும்பிய இந்தியர்கள் ஒரு லட்சத்துக்கும் மேல். பத்து வருஷச் சம்பாத்தியத்தில் அவன் கையில் மிஞ்சியது ஒரு தோள்பை. தங்கச்சி கல்யாணத்துக்கு வைத்திருந்த பணம் வங்கியோடு போயிற்று. சின்னம்மா ஊர்க் கோடியில் பஸ்ஸுக்காக நின்ற நாட்களை நான் பார்த்தவன்.

இரண்டு நாளில் பிடித்த அந்த நாட்டை ஏழு மாதம்கூட வைத்துக்கொள்ள முடியவில்லை. 1991 பிப்ரவரியில் நூறு மணி நேரத் தரைப்போரில் இராக் படை வெளியே தள்ளப்பட்டது. போகும்போது அறுநூறுக்கும் மேற்பட்ட எண்ணெய்க் கிணறுகளுக்குத் தீ வைத்துவிட்டுப் போனது. பாஸ்ரா சாலை நெடுக எரிந்த வண்டிகள். முதல் இரண்டு நாளை மட்டும் கணக்கில் எடுத்தால் யாரும் ஜெயித்தவன்தான்.

இன்னும் ஒன்று சொல்கிறேன். டாங்கி முழுக்க ஜெயித்த இடம். 1968 ஆகஸ்ட் 20 இரவு சோவியத் யூனியனும் அதன் கூட்டாளி நாடுகளும் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் இரண்டாயிரம் டாங்கிகளையும் இரண்டு லட்சம் வீரர்களையும் அனுப்பின. அந்த நாட்டு ராணுவம் எதிர்த்துச் சுடவில்லை. விடிந்ததும் தலைநகர் பிராக்கில் தெருவெல்லாம் டாங்கி. மக்கள் தெருப்பெயர்ப் பலகைகளைக் கழற்றினார்கள், வீட்டு எண்களை அழித்தார்கள், டாங்கி மேல் ஏறி உள்ளே இருந்த பையன்களிடம் ரஷ்ய மொழியில் "எதற்கு வந்தாய்?" என்று கேட்டார்கள். நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். நாடு அடங்கியது.

அதே பிராக்கில் 1945-ல் ஜெர்மனியை விரட்டிவந்த சோவியத் டாங்கிகளுக்குப் பூப்போட்டு வரவேற்றார்கள். அதன் நினைவாக 23 என்று எண் எழுதிய டாங்கி ஒன்றை மேடை கட்டி வைத்திருந்தார்கள். 1968-க்குப் பிறகு அந்த நினைவுச் சின்னத்தை யாரால் மரியாதையோடு பார்க்க முடியும்? 1991-ல் ஓர் இளைஞர் அதற்கு ரோஜா நிறப் பெயிண்ட் அடித்துவிட்டார். அந்த ஆண்டே கடைசி சோவியத் வீரனும் அந்த நாட்டை விட்டுப் போனான். இருபத்து மூன்று வருஷம் உட்கார்ந்திருந்தும் மிஞ்சியது தலைமுறை தலைமுறையான வெறுப்புதான். உள்ளே போவதற்கு டாங்கி வழி செய்யும். அங்கே இருப்பதற்கு அதனால் வழி செய்ய முடியாது.

டாங்கியே வேண்டாம் என்று நான் சொல்வதாக யாரும் திரித்துப் பேச வேண்டாம். அசல் உத்தரில் காத்து நின்றவையும் டாங்கிகள்தான். 2022 செப்டம்பரில் உக்ரைன் கார்கிவ் பகுதியை வேகமாக மீட்டபோதும் கவச வாகனங்கள்தான் ஓடின. இனி டிரோன் இருக்கிறது, டாங்கி செத்துவிட்டது என்று சொல்பவர்களோடும் எனக்கு உடன்பாடில்லை. ஆவடியில் டாங்கி செய்கிற தொழிற்சாலையில் வேலை பார்த்தவர்கள் நம் ஊரிலேயே இருக்கிறார்கள். அது கௌரவமான வேலை. வீட்டுக்குப் பூட்டு வேண்டும். அதற்காகப் பூட்டைக் கையில் எடுத்துக்கொண்டு அடுத்த வீட்டுக்காரன் மண்டையை உடைக்கப் போகலாம் என்று ஆகிவிடாது.

கடைசியாக, நான் இதை எழுத உட்கார்ந்ததற்கு உண்மையான காரணம். அந்தக் குழுவில் ஒருவன் டாங்கிப் படையில் பதினேழு வருஷம் இருந்து வந்தவன். பெயர் சொல்ல மாட்டேன், உங்களுக்கே தெரியும். அவன் அந்த வீடியோவுக்கு எதுவும் போடவில்லை. மறுநாள் அவனுக்குப் போன் செய்தேன். முதலில் சிரித்து மழுப்பினான். பிறகு சொன்னான்:

"சார், உள்ள மூணு பேரு. மேல்மூடிய மூடிட்டா மே மாசம் ராஜஸ்தான்ல அடுப்புக்குள்ள உட்கார்ந்த மாதிரி. குண்டு இருபத்திரண்டு, எங்க காலுக்குக் கீழ வட்டமா அடுக்கியிருக்கும். வெளிய பட்டது உள்ள வந்துட்டா, மேல இருக்கிற கோபுரமே பிச்சுக்கிட்டுப் போயிடும். அம்மாகிட்ட எல்லாம் சொல்வேன் சார், அதை மட்டும் சொன்னதே இல்லை."

உக்ரைன் சாலைகளில் கோபுரம் தனியாக, உடல் தனியாகக் கிடந்த டாங்கிகளின் படங்களை நீங்களும் பார்த்திருப்பீர்கள். சிலர் சிரிக்கும் பொம்மையோடு அனுப்பியும் இருக்கிறீர்கள். ஒவ்வொன்றிலும் மூன்று பேர். பெரும்பாலும் இருபது, இருபத்திரண்டு வயசு. நம் வகுப்பில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்த பையன் மாதிரி ஒருவன். அவனுக்கும், இரண்டு நாளில் முடிந்துவிடும் என்றுதான் யாரோ சொல்லியிருப்பார்கள். அவர்கள் போன ஊர்களில் ஒன்றான புச்சாவில், படை திரும்பிய பிறகு நானூறுக்கும் மேற்பட்ட சடலங்களை எடுத்தார்கள். அந்த வீடுகளில் இருந்தவர்களை யாரும் எதுவும் கேட்கவில்லை.

ஆகவே கைதட்டியவர்களுக்கு ஒரு வீட்டுப்பாடம். அடுத்த முறை "உள்ளே விடு" என்று எழுதுவதற்கு முன்னால் நான்கு கேள்விக்குப் பதில் எழுதுங்கள். டீசல் எங்கிருந்து வரும்? மூன்றாம் நாள் என்ன செய்வார்கள்? அந்த ஊர்க்காரர்கள் எங்கே போவார்கள்? உள்ளே உட்காரப்போகிற மூன்று பேரில் உங்கள் மகன் உண்டா?

நான்காவது கேள்விக்கு "உண்டு" என்று எழுதுகிறவரோடு நான் வாதம் செய்ய மாட்டேன். மற்றவர்கள் அந்தப் பாட்டை நிறுத்துங்கள்.

வீடியோ போட்ட தம்பிக்கு: உன்மேல் எனக்குக் கோபம் இல்லை. ஞாயிற்றுக்கிழமை வீட்டில்தான் இருப்பேன். வந்தால் டீ குடித்துக்கொண்டே பேசலாம். முடிந்தால் அவனையும் கூட்டிக்கொண்டு வா.

அன்புடன்,
உங்கள் கணக்கு சார்