திறப்பு யார் மடியில்?

சாட்டியில் வாழும் கமக்காரன் காணி உறுதியைப் பெட்டகத்தில் வைத்துப் பூட்டித் திறப்பை மடியில் முடிந்துகொள்கிறான். ஆனால் அவனுடைய அடையாள அட்டை இலக்கமும் வங்கிக் கணக்கு விபரமும் இன்று எங்கோ ஒரு கணினியில் இருக்கின்றன. அந்தக் கணினியின் திறப்பு யார் மடியில் இருக்கிறது? இதைக் கேட்க அவனுக்கு உரிமை இல்லையா?

2019 ஆம் ஆண்டில் அமெரிக்காவில் நிகழ்ந்ததை நோக்குவோம். கேப்பிட்டல் வன் என்னும் பெரிய வங்கி தன் ஏடுகளை அமேசன் நிறுவனத்தின் முகில் கணினிகளில் வைத்திருந்தது. அங்கிருந்து அமெரிக்கர் ஏறத்தாழ 10 கோடிப் பேரினதும், கனேடியர் 60 லட்சம் பேரினதும் விபரங்கள் களவு போயின. களவாடியவர் கதவை உடைக்கவில்லை. வாயிற் காவலாக நின்ற கணினியையே ஏவலாளாக்கி உள்ளே அனுப்பினார்.

முகிலில் இயங்கும் சேவையகம் தன் தற்காலிகத் திறப்பைக் கேட்டுப் பெறுவதற்கு 169.254.169.254 என்றோர் உள்முகவரி உண்டு. வெளியார் அதனை நேரே அணுக முடியாது, சேவையகம் அணுகலாம். வெளியார் கொடுக்கும் முகவரிக்கெல்லாம் ஆராயாது ஓடும் சேவையகம், இம்முகவரிக்கும் ஓடித் தன் திறப்பையே கள்வன் கையில் கொடுத்துவிடும். அவ்வங்கியிலோ அத்திறப்பு, வேண்டிய அளவுக்கு மேலாகப் பல அறைகளைத் திறக்க வல்லதாயிருந்தது. 2020 இல் வங்கிக்கு விதிக்கப்பட்ட தண்டம் 8 கோடி டொலர்.

பரிகாரம் அரிதன்று. 2019 நவம்பரில் அமேசன் புதிய முறையொன்றைக் கொண்டுவந்தது. அதன்படி, முதலில் தனிக் கோரிக்கை விடுத்து அனுமதிச் சீட்டுப் பெறவேண்டும். சீட்டின்றித் திறப்புக் கிடையாது. ஏமாற்றி அனுப்பப்படும் சாதாரணக் கோரிக்கை அச்சீட்டைப் பெறுவது கடினம். ஆயினும் பழைய வழியைத் திறந்து வைத்திருந்தால் புதிய பூட்டினால் பயன் என்ன? அதனை அடைக்கவேண்டும். சேவையகம் செல்லத்தக்க முகவரிகளை வரையறுக்கவேண்டும். ஒவ்வொரு திறப்புக்கும் அதன் வேலைக்கு வேண்டிய அதிகாரத்தை மட்டுமே வழங்கவேண்டும்.

நம் நாட்டின் நிலை என்ன? 2023 ஓகஸ்டில் இலங்கை அரசின் முகில் தாக்கப்பட்டது. ஏறத்தாழ 5,000 மின்னஞ்சல் கணக்குகள் பாதிக்கப்பட்டன. மே 17 முதல் ஓகஸ்ட் 26 வரையான மடல்கள் மீளவில்லை. அத்தாக்குதல் வேறு வகையினது. ஆனால் பழைய மென்பொருளை மாற்றாதிருந்ததும், பிரதி எடுத்து வையாததும் அசட்டையின் விளைவே அன்றோ! 2022 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் ஏட்டில் இருந்தாற் போதாது. சேவையகங்களிலும் அது வாழவேண்டும்.

தமிழ்ப் பொறியியலாளரே, உங்கள் பொறுப்பிலுள்ள பழைய வழியை இன்றே அடையுங்கள். கமக்காரரே, விபரம் கேட்டு வரும் அலுவலகத்திடம், அதை யார் காக்கிறார், எவ்வாறு காக்கிறார் என்று கேளுங்கள். நன்னீர்க் கிணறு உப்பேறிய பின் வருந்திப் பயனில்லை என்பதைத் தீவகத்தார் அறிவர். களவு போன விபரமும் அத்தகையதே. கிணறு நன்னீராய் இருக்கும்போதே அதைக் காப்பது நம் கடன்.