தோம்பில் ஏறாத வீடுகள்

நாட்டார் மரபு, அடையாளம், இயற்கை என்னும் மூன்று சொற்களும் இன்று ஓவியக் கண்காட்சிகளின் வாயில் தோரணங்களாகிவிட்டன. எவரையும் கேள்வி கேளாத சொற்கள் அவை. ஆதலாற்றான் செல்வர் மாளிகைகளும் அவற்றை வரவேற்கின்றன. நாம் கேட்பது ஒன்றே: எந்த மக்களின் மரபு? எவர் கையிலுள்ள நிலத்தின் இயற்கை?

திருகோணமலையில் இக்கேள்வியைத் தவிர்க்க முடியாது. இங்கே கதை வேறு, நிலம் வேறு அல்ல. சுவாமி மலையின் பிளவு இராவணன் வெட்டு. கன்னியாவின் ஏழு வெந்நீர்க் கிணறுகள் அவன் தாய்க்கு நீர்க்கடன் கழித்த இடம். கந்தளாய்க் குளம் குளக்கோட்டன் கட்டியது. இக்கதைகளை வாய்மொழியாய்க் காத்தவர்கள் உழவரும் மீனவரும். கொட்டியாரக் குடாவின் அக்கரையில், சம்பூர் மக்கள் 2006இல் குண்டு மழையினின்று தப்பியோடினர். அவர்களிற் பலருக்குச் சொந்த நிலம் திரும்பக் கிடைக்க 2015, 2016ஆம் ஆண்டுகள் வரை காத்திருக்க நேர்ந்தது. அந்த மக்களை மறந்துவிட்டு, இராவணன் வெட்டை மட்டும் நீல வண்ணத்தில் தீட்டி உல்லாச விடுதிச் சுவரில் மாட்டுவது மரபைப் போற்றுவதாகுமா? ஆளற்ற நிலத்தை அழகென்று விலைகூறுவதே அது.

வேறு வழியும் உண்டு. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக ஓவியர் தா. சனாதனன், ‘முற்றுப்பெறாத தோம்பு’ எனப் பொருள்படும் தலைப்பில் 2011இல் ஒரு நூலை வெளியிட்டார். தோம்பு என்பது போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் நம் காணிகளை வரிக்காகப் பதிந்த ஏடு. ஆள்வோரின் அந்த ஏட்டின் பெயரை எடுத்த ஓவியர், அதில் ஆளப்பட்டோரை எழுதவைத்தார். போரால் இடம்பெயர்ந்த தமிழரும் முஸ்லிம்களும் இழந்த வீட்டின் வரைபடத்தை நினைவிலிருந்து தாமே வரைந்தனர். கட்டடக் கலைஞர் அதை அளவோடு மீள வரைந்தனர். அதன் பின்னரே ஓவியரின் சித்திரம் இடம்பெற்றது. மக்களின் கோடு முதலில், கலைஞனின் கோடு பின்னால். இதுவன்றோ அடையாளம்!

‘கலையைப் பிரசாரமாக்குகிறீர்கள்’ என்பர் சிலர். அந்நூலில் எந்தக் கோஷம் உள்ளது? ஒரு வீட்டின் தரைப்படம் கோஷமாகத் தோன்றுமாயின், குற்றம் படத்தினுடையதன்று, அவ்வீட்டை அழித்தவர்களுடையது. வங்காளத்து ஜாமினி ராய் நாட்டுப்புறப் பட்டுவா ஓவியரிடம் கோட்டை மட்டும் கடன் வாங்கவில்லை. மண்ணிலும் செடியிலும் பெற்ற அவர்களின் எளிய வண்ணங்களையும் ஏற்றார். எளியோரும் வாங்கக்கூடிய விலையில் தம் படங்களை விற்றார்.

ஆசிரியத் தோழர்களே, சித்திரப் பாட வேளையைக் கணிதத்துக்குப் பறித்துக் கொடுத்துவிட்டு, மரபு அழிகிறதென்று மேடையில் அழுவதில் பயனில்லை. அவ்வேளையை மாணவருக்கு மீட்டுக் கொடுப்போம். பாட்டியிடம் ஊர்க்கதையைக் கேட்டு வரட்டும். அவள் விட்டுவந்த வீட்டையும் கேட்டு வரட்டும். இரண்டையும் ஒரே தாளில் வரையட்டும். கதையை மட்டும் வாங்கிக்கொண்டு வீட்டை மறக்கும் கலை நமக்கு வேண்டாம்.