கேமராவைக் கையில் கொடுத்தால் போதுமா?

1966ஆம் ஆண்டு. அரிசோனாவில் பைன் ஸ்பிரிங்ஸ் என்ற நவஹோ ஊர். சால் வொர்த், ஜான் அடேர் என்ற இரண்டு அமெரிக்க ஆய்வாளர்கள், ஊர்க்காரர்கள் சிலருக்குப் படமெடுக்கக் கற்றுத்தர அனுமதி கேட்டார்கள். சாம் யாஸி என்ற முதிய வைத்தியர், படமெடுத்தால் ஆடுகளுக்குக் கெடுதல் வருமா என்று விசாரித்தார். வராது என்றார்கள். நன்மை வருமா? அதுவும் வராது. பிறகு எதற்குப் படம் என்று கேட்டார் பெரியவர்.

விவரம் தெரியாதவர் பேச்சு என்று சிரிப்பவர்கள் சிரிக்கட்டும். பூர்வகுடிகளைப் படமெடுக்கக் கிளம்பும் ஒவ்வொருவரும் பதில் சொல்லவேண்டிய கேள்வி அது.

இப்போது யாரைக் கேட்டாலும் "சமூகத்தோடு சேர்ந்து எடுத்த ஆவணப்படம்" என்கிறார்கள். சேர்ந்து என்றால்? ஊர்க்காரர் வழி காட்டுவார், மொழிபெயர்ப்பார், சோறு போடுவார். எடிட்டிங் நகரத்தில் நடக்கும். உரிமை நிறுவனத்துக்கு, விருது இயக்குநருக்கு. இந்த மாதிரி "சேர்ந்து எடுப்பது" ஒன்றும் புதிதல்ல. 1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் த நார்த்' படத்திலேயே இனுயிட்டுகள்தான் ஃபிளாஹர்ட்டிக்கு உதவியாளர்கள். எடுத்த காட்சிகளை அவர்களுக்குப் போட்டும் காட்டினார். ஆனாலும் அல்லாகாரியால்லாக் என்ற வேட்டைக்காரர் திரையில் 'நானூக்' ஆனார். துப்பாக்கி பழகிய கைகளில் பழைய ஈட்டி வந்தது.

அடுத்த கதை கனடாவில். 1968 டிசம்பரில் அக்வெசாஸ்னி மோஹாக் மக்கள் கார்ன்வால் தீவுப் பாலத்தை மறித்தார்கள். அமெரிக்கப் பக்கத்திலிருந்து கொண்டுவரும் பொருள்களுக்குச் சுங்கம் கேட்பது 1794ஆம் ஆண்டு ஒப்பந்தத்துக்கு விரோதம் என்பது அவர்கள் வாதம். கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் இதை 'யூ ஆர் ஆன் இந்தியன் லேண்ட்' என்ற படமாக 1969இல் வெளியிட்டது. படத்தின் உயிர், அந்தப் போராட்டத்தில் முன்நின்ற மோஹாக் இளைஞர் மைக்கேல் கனென்டகெரோன் மிட்செல். இயக்குநர் என்று அவர் பெயரை வாரியம் போட்டது எப்போது தெரியுமா? 2017இல்! ஒரு பெயர் போட 48 வருடம்.

"அவர்கள் கையில் விட்டால் இயக்குநரின் சுதந்திரம் என்னாவது?" என்று ஒரு கூட்டம் கேட்கும். பணம் போட்டவர் வெட்டச் சொன்னால் வெட்டுகிறார்கள். டிவிக்காரர் நீளத்தைக் குறைக்கச் சொன்னால் குறைக்கிறார்கள். அப்போதெல்லாம் போகாத சுதந்திரம், படத்தில் இருப்பவர் கேட்டால் மட்டும் போய்விடுமா? ஊர் என்றால் ஒரே குரல் இல்லை, அங்கும் தலைவர்கள் உண்டு, வாய் திறக்க முடியாத பெண்கள் உண்டு என்பது நியாயமான வாதம். கேமராவைத் திறப்பதற்கு முன்பே எல்லோரிடமும் பேச வேண்டும் என்பதற்குத்தான் அது காரணம். பேசாமல் இருப்பதற்கு அல்ல.

இப்படியும் செய்யலாம் என்று பிரேசில் காட்டியிருக்கிறது. 1980களில் வின்சென்ட் கரெல்லி நம்பிக்வாரா மக்களின் சடங்கு ஒன்றை வீடியோ எடுத்து, உடனே அவர்களுக்கே போட்டுக்காட்டினார். அவர்களுக்குத் திருப்தியில்லை. இத்தனை துணி உடுத்திக்கொண்டா சடங்கு செய்வது என்று தங்களையே குறை சொல்லிக்கொண்டு, முறைப்படி மறுபடி நடத்தினார்கள். விட்டுப்போயிருந்த மூக்கு, உதடு குத்தும் வழக்கமும் அந்த உற்சாகத்தில் திரும்பி வந்தது. 'விடியோ நாஸ் அல்டெயாஸ்' இயக்கம் பிறந்தது அங்கேதான். பிறகு அது பூர்வகுடி இளைஞர்களையே இயக்குநர்களாக்கியது.

கேமராவைக் கொடுப்பது சுலபம். கத்தரியையும், டைட்டிலில் பெயரையும், "இது வேண்டாம், எடுத்துவிடு" என்று சொல்லும் உரிமையையும் கொடுப்பதுதான் கஷ்டம். அதைக் கொடுக்க மனமில்லாதவர் தாராளமாகத் தனியாகப் படமெடுக்கட்டும். "சேர்ந்து எடுத்தோம்" என்று மட்டும் சொல்ல வேண்டாம். ஆடுகளுக்கு என்ன நன்மை என்று கேட்ட பெரியவருக்கு இன்னும் பதில் பாக்கி இருக்கிறது.