ஏரி இருந்த இடம்

முகூர்த்தப் பட்டு எடுக்கப் படூரிலிருந்து தியாகராய நகர் செல்லும் அன்பர்கள், தாம் நடப்பது ஓர் ஏரியின் மடியில் என்பதை அறிவரோ? மயிலாப்பூர், மாம்பலம், நுங்கம்பாக்கம் என நீண்டு கிடந்தது அந்த நெடிய ஏரி. மாம்பலம் கிராமத்தையொட்டிய பகுதியில் 1923-ஆம் ஆண்டு நீரை வடித்து நகரமைக்கத் தொடங்கினர். பிட்டி தியாகராயரின் பெயரைச் சூட்டினர். நுங்கம்பாக்கத்து ஏரிப்படுகையில் பின்னாளில் வள்ளுவர் கோட்டம் எழுந்தது. மேற்கு மாம்பலத்தில் ‘லேக் வியூ’ சாலை இன்றும் உண்டு. பார்க்கத்தான் ஏரி இல்லை.

மதுராந்தகத்தில் உடையவிருந்த கரையைக் காத்தருளிய இராமபிரானுக்கு ‘ஏரி காத்த ராமர்’ என்றே திருநாமம். மேற்கு மாம்பலத்திலும் கோதண்டராமர் எழுந்தருளியிருக்கிறார். காக்கச் சொல்லி அவரிடம் யாரும் வேண்டவில்லை போலும்! 2015 டிசம்பர் பெருமழையில் அத்தெருக்களில் வெள்ளம் புகுந்தபோது, ஏரி தன் வீட்டுக்குத் திரும்பியதாகவே அடியேனுக்குத் தோன்றியது.