சஞ்சயன் சொன்ன வரிசை

கதையில் காலத்தை முன்பின்னாக மாற்றி வைக்கும் உரிமை, சொல்பவனுடைய சாமர்த்தியத்திலிருந்து பிறப்பதன்று, கேட்பவனுடைய துக்கத்திலிருந்தே பிறப்பது என்பது பல ஆண்டுகளாக என் மனத்தில் ஊறி வந்திருக்கும் சித்தாந்தம். இதற்கு எந்த இலக்கண நூலையும் ஆதாரமாகக் காட்ட என்னால் இயலாது. எனக்கு இதை உணர்த்தியவை வியாச பாரதமும், என் பாட்டிக்கு ஒரு தந்தி வந்த நாளுமே.

காலக்ஷேபங்களிலும் நாட்காட்டிப் படங்களிலும், சஞ்சயன் அரண்மனையில் அரசனருகே அமர்ந்து, வியாசர் அருளிய ஞானதிருஷ்டியால் குருக்ஷேத்திரத்தில் நடப்பதை அந்தந்த க்ஷணத்திலேயே எடுத்துரைப்பவனாகக் கண்டு பழகியிருக்கிறோம். மூலத்தின் பீஷ்ம பர்வமோ வேறு விதமாகச் சொல்கிறது. பத்து நாட்போர் முடிந்தபின், சஞ்சயன் களத்திலிருந்து விரைந்து வந்து, கவலையில் ஆழ்ந்திருந்த திருதராஷ்டிரன் முன் நின்று, பீஷ்மர் வீழ்ந்தார் என்பதையே முதலில் சொல்கிறான்; அரசன் புலம்பிப் புலம்பி, அது எவ்விதம் நேர்ந்தது என்று துருவிக் கேட்ட பிறகுதான் விருத்தாந்தம் முதல் நாளுக்குத் திரும்புகிறது. ஆகவே கீதையின் 700 சுலோகங்களும், பீஷ்மர் அம்புப் படுக்கையில் கிடக்கிறார் என்பது தெரிந்த ஒருவனுடைய செவியிலேயே விழுகின்றன. அதன் முதற் சுலோகத்தில் அரசன் வினவுவதும், தன் மக்களும் பாண்டுவின் மக்களும் என்ன செய்கிறார்கள் என்று அன்று; என்ன செய்தார்கள் என்று, இறந்தகாலத்தில்.

இந்தக் கிரமத்தின் கொடுமையையும் கருணையையும் சற்று நின்று நினைத்துப் பார்க்க வேண்டும். நடந்தது நடந்தபடியே சொல்லப்பட்டிருக்குமாயின், அர்ஜுனன் கையிலிருந்து காண்டீவம் நழுவியது என்று கேட்ட மாத்திரத்தில், போர் நின்றுவிடுமோ என்று அந்தக் கிழவனின் நெஞ்சில் ஓர் ஆசை துளிர்த்திருக்கும். இப்போதோ, நழுவிய வில் மீண்டும் எடுக்கப்பட்டதையும் அதன் பலன் இன்னதென்பதையும் அறிந்தே அவன் கேட்கிறான். சூதாட்டத்திற்குச் சம்மதம் தந்த தகப்பன் அவன்; நிறுத்தியிருக்கக்கூடிய தருணம் ஒவ்வொன்றும், நிறுத்த முடியாத தருணமாக அவன் முன் வந்து நின்று கடந்து போகிறது. சஞ்சயன் இதை ஒருமுறையோடு விடவும் இல்லை. ஐந்து நாட்கள் கழித்து மறுபடி வந்து துரோணர் மாண்டார் என்கிறான்; அரசன் மூர்ச்சித்து விழ, குளிர்ந்த நீர் தெளித்து எழுப்புகிறார்கள்; எழுந்ததும் அவன் கேட்பது மீண்டும் ஆதியிலிருந்து. இன்னும் இரண்டு நாட்களில் கர்ணனுக்கும் இதே வரிசை.

1954-இல் எஸ். பாலசந்தர் இயக்கிய ‘அந்த நாள்’ படம், பாட்டு ஒன்றுகூட இல்லாமல், துப்பாக்கி வெடித்துக் கதாநாயகன் விழுவதில் தொடங்கிப் பின்னோக்கிச் செல்கிறது. அங்கே கேட்பவர் போலீஸ் அதிகாரி. அவருக்கு வேண்டியது குற்றவாளி. அதனால் அந்தப் படத்தின் காலப்புரட்டு பெரும்பாலும் விசாரணையாக இருந்து, மனைவியின் முறை வரும்போதே துக்கமாகிறது. யாரிடம் சொல்கிறோம் என்ற நினைவே இல்லாமல் சம்பவங்களைக் கலைத்துப் போடும் இக்காலக் கதைகள் பலவற்றைப் படிக்கும்போது, யுக்தி தெரிகிறதே தவிர, கேட்டுக்கொண்டு ஒருவர் எதிரே அமர்ந்திருப்பதாக எனக்குத் தோன்றவில்லை.

என் பாட்டிக்கு வந்த தந்தி சஞ்சயன் சொன்னதற்கு நேர்மாறானது. திருச்சியில் சித்தப்பா வீட்டுக்குப் போயிருந்த தாத்தா காலமான பிறகு அடிக்கப்பட்ட அந்தத் தந்தியில், உடல்நிலை மோசம், உடனே புறப்படவும் என்று மட்டுமே இருந்தது. போன உயிரை ஓர் இரவு நேரத்திற்குப் பிடித்து நிறுத்தி வைக்கும் இந்தப் பொய்யை அக்காலத்தில் எல்லாக் குடும்பங்களும் அறிந்திருந்தன. பாட்டியும் அறிந்துதான் இருந்திருப்பாள். ஆயினும் விடிய விடிய ரயிலில் ஜன்னலோரம் அமர்ந்து, போனதும் அவருக்குக் கஞ்சி வைத்துக் கொடுக்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டே வந்தாள். தெருமுனையில் பந்தற்கால் கண்ணில் பட்டதும் அந்தப் பேச்சு நின்றது.

அழுகை ஓய்ந்து, எல்லாம் முடிந்து, வீடு வெறிச்சோடிய மாலையில் பாட்டி சித்தப்பாவை அருகே அழைத்து உட்கார வைத்துக்கொண்டாள்.

“காலையில் எழுந்தவுடன் என்னடா சொன்னார்? காப்பி குடித்தாரா?”

“குடித்தார் அம்மா. சர்க்கரை போதவில்லை என்றார்.”

“அப்புறம்?”

சித்தப்பா அந்தக் காலை முழுவதையும் ஒன்றுவிடாமல் சொன்னார். மறுநாள் துக்கம் விசாரிக்க வந்தவர்களிடம் பாட்டியே, தான் உடன் இல்லாத அந்தக் காலையை, சர்க்கரை போதாத காப்பியிலிருந்து தொடங்கிச் சொல்லிக்கொண்டிருந்தாள்.