கேமராவே கடலில் போன பிறகும் சுனாமியைப் படமாக்கியவர்: யார் இந்த ஆர்.வி.ரமணி?

2024 நவம்பர் 30 இரவு ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரையைக் கடந்தப்போ, மரக்காணம் உப்பளங்கள் மூழ்கின. மழை விட்டதும் விட்டும் விடாததுமா எல்லார் கையிலும் செல்போன். குயிலாப்பாளையம் பக்கம் தொடங்கி திண்டிவனம் வரைக்கும் வெள்ள வீடியோக்கள் வாட்ஸ்அப்பில் பறந்தன. ஒரே வாரம்தான், அடுத்த வீடியோவுக்கு எல்லாரும் போயாச்சு. நாங்களும்தான்.

இதே கடற்கரையை 20 வருஷத்துக்கு முன்னாடி, 2004 டிசம்பர் 26 ஞாயிறு காலையில் சுனாமி தாக்கியது. தமிழ்நாட்டில் மட்டும் சுமார் 8,000 பேர் இறந்தார்கள். அப்போ கேமரா உள்ள செல்போன் நம்ம ஊர்களில் அபூர்வம். ஆனால் ஆவணப்பட இயக்குநர் ஆர்.வி.ரமணியிடம் வீடியோ கேமரா இருந்தது. அலையில் அந்தக் கேமரா பாழானது. அது கடைசியாகப் பதிவு செய்த காட்சியும் அதோடு போச்சு.

காட்சி இல்லை, அப்புறம் என்ன படம்?

நியூஸ் சேனல் கணக்குப்படி பார்த்தால் காட்சி இல்லேன்னா செய்தியே இல்லை. ரமணி அதைத் திருப்பிப் போட்டார். 2011ல் வந்த அவருடைய 'மை கேமரா அண்ட் சுனாமி' 90 நிமிடப் படம். தனக்கும் அந்தக் கேமராவுக்கும் இருந்த உறவு, அது எடுத்த பழைய காட்சிகள், கைக்கு வராமல் போன அந்தக் கடைசிக் காட்சி, இவைதான் படமே. பேரிடரைக் காட்டும் படம்னு நினைச்சு உட்கார்ந்தால் ஏமாற்றம்தான். பேரிடரைப் பார்த்த ஒருத்தருக்குள்ளே என்ன மிஞ்சுது என்பதுதான் இதில் கேள்வி.

ரமணி புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். தன் படங்களுக்குக் கேமராவை அவரே பிடிப்பார். எழுதி முடித்த ஸ்கிரிப்டைக் கையில் வைத்துக்கொண்டு எடுப்பதில்லை. எதிரே இருப்பவர் பேசுவது, தயங்குவது, சும்மா இருப்பது எல்லாமே படத்தில் இருக்கும். 'இதுதான் விஷயம்' என்று விளக்கும் கம்பீரக் குரலை எதிர்பார்க்காதீங்க. இதைத்தான் 'சோதனை முயற்சி' என்கிறார்கள். புரியாத படம் என்று பயப்பட வேண்டியதில்லை. பொறுமை மட்டும் வேணும்.

கைநழுவிப் போவதைத் தேடுவது அவருக்குப் புதுசும் இல்லை. தோல்பாவைக்கூத்துக் கலைஞர்களைத் தேடிப்போய் எடுத்த படத்துக்கு அவர் வைத்த பெயரே 'நீ எங்கே'. 'ஓ தட்ஸ் பானு' படத்தில் 90 வயதைக் கடந்த நடனக் கலைஞர் பானுமதி ராவ் வருகிறார். அவருக்கு நினைவு தவறுகிறது. வேறு இயக்குநராக இருந்தால் மறந்ததை எல்லாம் வெட்டிவிட்டு, ஞாபகம் இருப்பதை மட்டும் தொகுத்திருப்பார். இங்கே மறதியும் படத்தின் ஒரு பகுதி. இந்தப் படத்துக்காக 68ஆவது தேசிய விருதுகளில் கதைசாரா பிரிவின் சிறந்த இயக்குநர் விருது ரமணிக்கு 2022ல் அறிவிக்கப்பட்டது.

சரி, எங்கே பார்ப்பது?

தியேட்டரில் கிடைக்காது. தேசிய விருது வாங்கினாலும் ஆவணப்படத்துக்கு நம்ம ஊரில் ஒரு காட்சிகூட ஒதுக்க மாட்டார்கள், அதுதான் நிலைமை. திரைப்பட விழாக்கள், ஃபிலிம் சொசைட்டிகள், கல்லூரித் திரையிடல்கள் என்று காத்திருந்து பிடிக்கணும். இந்த விஷயத்தில் குயிலாப்பாளையம்காரங்களுக்குக் கொஞ்சம் அதிர்ஷ்டம். பக்கத்திலேயே ஆரோவில் டவுன்ஹாலில் சினிமா பாரடிசோ அரங்கு இருக்கு, ஆரோவில் திரைப்பட விழாவும் நடக்குது. அங்கே ரமணி படம் போட்டால், செல்போனை சைலன்ட்டில் போட்டுட்டுப் போங்க.