நீல உருண்டை

பெண்ணின் மனத்தில் இருப்பதைக் கண்ணால் பார்க்க ஒரு யந்திரம் விற்றால் வாங்குவீர்களா?

2015-ல் வெளிவந்த 'இன்ஸைட் அவுட்' என்ற அமெரிக்கச் சித்திரப் படத்தில் அப்படி ஒன்று இருக்கிறது. ரைலி என்ற 11 வயதுச் சிறுமியின் தலைக்குள்ளே, பித்தான்கள் பதித்த ஒரு மேஜை. அதை இயக்குகிறவர்கள் ஐந்து பேர். ஞாபகங்கள் கண்ணாடி உருண்டைகளாக வந்து விழுகின்றன. சந்தோஷம் மஞ்சள், துக்கம் நீலம், கோபம் சிவப்பு, பயம் ஊதா, அருவருப்பு பச்சை. டைரக்டர் பீட் டாக்டரின் மகள் 11 வயதில் கலகலப்பு மாறி மௌனியானாளாம். அதில் பிறந்த கதை இது.

குடும்பம் மினஸோட்டாவை விட்டு ஸான்பிரான்ஸிஸ்கோவுக்குக் குடிபோகிறது. அப்பாவுக்குத் தொழில் கவலை. அவருக்காகச் சிரித்த முகமாக இருக்கும்படி அம்மா பெண்ணிடம் கேட்டுக்கொள்கிறாள். நல்ல எண்ணந்தான். விருந்தாளிகள் எதிரில் நாமும் கேட்டதில்லையா? பாவம், குழந்தையும் சிரிக்கப் பார்க்கிறது. உள்ளே, துக்கம் தொட்டால் மஞ்சள் உருண்டைகூட நீலமாகிவிடும் என்று, வட்டம் போட்டு அதை ஒதுக்கி நிறுத்துகிறார்கள்.

அப்புறம் சிவப்பு ஆட்சிதான். கத்துகிற பெண்ணைப் பற்றி எனக்கு அவ்வளவு பயமில்லை. ஆனால் மேஜை மெல்ல மெல்லச் சாம்பல் பூத்து, எந்தப் பித்தானும் அசையாமல் போகிறது பாருங்கள், அங்கேதான் பகீரென்றது. யாரிடமும் சொல்லாமல் ரைலி பஸ் ஏறிவிடுகிறாள்!

கடைசியில் துக்கத்தின் கை பட்ட பிறகுதான் மேஜைக்கு உயிர் வருகிறது. ரைலி வீடு திரும்பி, பழைய ஊர் நினைவாகவே இருக்கிறது என்று விம்முகிறாள். அப்பாவும் அம்மாவும் கட்டிக்கொள்கிறார்கள். அப்போது விழும் உருண்டையில் நீலமும் மஞ்சளும் கலந்திருக்கின்றன. அம்மாவின் கண்ணுக்கு அது தெரியாது.